கூவாயியின் நான்கு முட்டைகளும் கூட்டுக் காவல் படையும்

மூன்று காடுகள் முட்டிக்கொள்ளும் இடத்தில் ஈச்சங்குளம் இருந்தது. மேற்கே மலைக்காடு, அது யானைகளுடையது. வடக்கே மூங்கில்காடு, அது காட்டுமாடுகளுடையது. தெற்கே சோலைக்காடு, அங்கே கருமுகக் குரங்குகள் வாழ்ந்தன. கிழக்கே காடென்று சொல்ல ஒன்றும் இல்லை. முள்ளும் புதரும்தான். அந்தப் புதருக்குள் செந்நாய்க் கூட்டம் ஒன்று இருந்தது.

குளம் எந்த ராஜாவுக்கும் சொந்தமில்லை. ஆகவே மூன்று ராஜாக்களும் அதைப் பற்றிப் பேசிக்கொண்டே இருந்தன.

குளத்தின் கிழக்குக் கரையில், சரளைக் கல்லுக்கு நடுவே, கூவாயி என்ற ஆட்காட்டிக் குருவி நான்கு முட்டைகள் இட்டிருந்தது. ஆட்காட்டிகள் கூடு கட்டுவதில்லை. வெறும் தரைதான். முட்டைக்கும் கல்லுக்கும் நிறத்தில் வித்தியாசம் தெரியாது. அதுதான் பாதுகாப்பு. கூவாயியும் அதன் கணவன் சாத்தனும் மாறி மாறி அடைகாத்தன. குஞ்சு பொரிக்க இன்னும் இருபத்தெட்டு நாள் இருந்தது.

ஆபத்து வந்தால் மான் ஓடும். முயல் வளைக்குள் போகும். முட்டை எங்கே போகும்? குளத்தில் இருந்தவர்களில் நகர முடியாத குடும்பம் கூவாயியின் குடும்பம் ஒன்றுதான். அதனால்தானோ என்னவோ, அந்தக் குளத்தில் எதையும் முதலில் பார்ப்பதும் முதலில் கத்துவதும் அதுவாகவே இருந்தது.

"டிட்-டிடீ-டூ! டிட்-டிடீ-டூ!"

இந்தச் சத்தம் கேட்டால் மான்கள் யோசிக்காது. மேய்ச்சலை விட்டுவிட்டு, நாணல் ஓரமாகச் சுற்றிப் போய்த் தண்ணீருக்குள் இறங்கும். புள்ளிமான்கள் உள்ளே நிற்கும். பெரிய உடம்புக்காரக் கடமான்கள் முன்னால் நிற்கும். நீந்துகிற நாயால் பாய முடியாது. நிற்கிற கடமானால் மிதிக்க முடியும். செந்நாய்களுக்கும் இது தெரியும். கரையில் கொஞ்ச நேரம் நின்று, ஒன்றுக்கொன்று சீழ்க்கை அடித்துவிட்டு, வந்த வழியே போய்விடும்.

பல நேரம் கூவாயி சும்மாவும் கத்தும்.

"எதுக்குடி இப்போ கத்தினே?" என்று கேட்கும் கடமான் பேச்சி. குளத்து மான்களுக்கெல்லாம் மூத்தது அதுதான்.

"உடும்பு போச்சுக்கா."

"உடும்பா? சரி சரி. கால் நனைஞ்சதுதான் மிச்சம்."

மான்கள் உடம்பை உதறிக்கொண்டு மறுபடி மேயப் போகும். யாரும் கோபித்துக்கொண்டதில்லை.

ஆனால் ஒரு நாள் விடிகாலையில் பனி மூட்டம் இறங்கியது. ஒன்றும் தெரியவில்லை. கூவாயிக்கே தெரியவில்லை. செந்நாய்கள் வந்து மூன்று மான்களை அடித்துவிட்டன. போகிற போக்கில் மூங்கில்காட்டு எல்லையில் ஒரு காட்டுமாட்டுக் கன்றையும், சோலைக்காட்டு எல்லையில் தண்ணீர் குடிக்க இறங்கிய ஒரு குரங்கையும் கொன்றுவிட்டுப் புதருக்குள் மறைந்துவிட்டன.

மூன்று காடுகளும் கொதித்தன.

"உங்க எல்லை வழியாத்தான் வந்திருக்கு!" என்றது காட்டுமாட்டு ராஜா.

"உங்க மூங்கிலுக்குள்ளதான் குட்டி போட்டிருக்கு!" என்றது குரங்கு ராஜா.

"என் காட்டுல செந்நாயே கிடையாது!" என்றது யானை ராஜா. யாரும் கேட்காமலே அதைச் சொன்னது.

ஏழு நாள் பேச்சு நடந்தது. முடிவில் மூன்றும் சேர்ந்து ஒரு கூட்டுக் காவல் படை அமைப்பது என்று தீர்மானம் ஆயிற்று. படை குளக்கரையில் தங்கும். செந்நாய்ப் பயத்தை அடியோடு ஒழிக்கும். அந்தப் பேச்சுக்குக் குளத்துக்காரர்கள் யாரையும் அழைக்கவில்லை. அழைக்க மறந்துவிட்டார்கள் என்று பிறகு சொன்னார்கள்.

படை வந்தது. சொன்ன நாளுக்கு மூன்று நாள் பிந்தி வந்தது, ஆனால் வந்தது. பன்னிரண்டு யானைகள், இருபது காட்டுமாடுகள், நாற்பது குரங்குகள். தரை அதிர்ந்தது. மான்கள் வரிசையாக நின்று வேடிக்கை பார்த்தன. சிலதுக்குக் கண் கலங்கியது. நமக்காக இவ்வளவு பேர் வருகிறார்களே!

ஒவ்வொரு தளபதியும் தன் ராஜாவின் கட்டளையைச் சத்தமாகப் படித்தது.

யானைத் தளபதி களிறன் சொன்னது: "எங்க யானைங்க கிழக்கே கரும்பாறையைத் தாண்டக் கூடாது. ராஜா உத்தரவு."

காட்டுமாட்டுத் தளபதி திமிலன் சொன்னது: "வெயில் ஏறினா எங்க மாடுங்க நிழலை விட்டு வராது. ராஜா உத்தரவு."

குரங்குத் தளபதி கருமுகன் மரக்கிளையில் உட்கார்ந்தபடியே சொன்னது: "எங்க ஆளுங்க கால் தரையில படக் கூடாது. எதைப் பார்த்தாலும் முதல்ல எங்க ராஜாவுக்குத்தான் சொல்லணும். அதுவும் உத்தரவுதான்."

பேச்சி மெதுவாகக் கேட்டது: "ஐயா, ஒரு சந்தேகம். செந்நாய் கரும்பாறைக்கு அந்தப் பக்கம், மத்தியான வெயில்ல, தரையில வந்தா யாருய்யா பிடிப்பீங்க?"



"அது அடுத்த கூட்டத்துல பேச வேண்டிய விஷயம்மா," என்றது களிறன்.

அன்றைக்கே யானைகள் குளிக்க இறங்கின. ஒரு யானையின் முன்னங்கால் சரளைக்கு மேலே உயர்ந்தது. அதன் நிழல் முட்டைகள் மேல் விழுந்தது. சாத்தன் சிறகை விரித்துக்கொண்டு பாதத்துக்கு அடியிலேயே போய் நின்றது. கூவாயி யானையின் நெற்றிக்கு நேரே பறந்து அலறியது.

"ஏய்! ஏய்! கண்ணு தெரியலையா? கீழே முட்டை!"

கால் அந்தரத்தில் நின்றது.

"எங்கே முட்டை? கல்லுதானே தெரியுது?"

"கல்லு மாதிரி தெரிஞ்சாத்தான்யா அது என் முட்டை!"

"அப்போ என் மேல என்னம்மா தப்பு?" என்றது யானை. நியாயமான கேள்விதான். கால் ஒரு சாண் தள்ளி இறங்கியது. கூவாயி அன்று முழுக்க முட்டைகளை விட்டு நகரவில்லை.

மறுநாள் வேறொரு தொல்லை வந்தது. காலையில் ஓர் உடும்பு போயிற்று. கூவாயி கத்தியது. மான்கள் வழக்கம்போலத் தண்ணீருக்குப் போயின. ஆனால் இப்போது படை இருந்ததே! குரங்குகள் மரத்துக்கு மரம் கூவின. காட்டுமாடுகள் எழுந்து வரிசை கட்டின. யானைகள் சேறும் சகதியுமாகக் கரையேறின. யார் முன்னே போவது என்று களிறனுக்கும் திமிலனுக்கும் வாக்குவாதம் வந்தது. அது தீர்வதற்குள் உடும்பு ஒரு நத்தையைத் தின்று முடித்துவிட்டுக் கரையானைத் தேடிப் போய்விட்டது.

பிறகு ஒரு மயில். கூவாயி கத்தியது. படை எழுந்தது.

பிறகு காற்றில் ஒரு பனையோலை. கூவாயி கத்தியது. படை எழுந்தது.

"போதும்!" என்றது களிறன்.

நாவல் மரத்தடியில் கூட்டம் போட்டார்கள். இனிமேல் எச்சரிக்கை ஒழுங்காக வர வேண்டும் என்று முடிவு செய்தார்கள். கூவாயி எதையாவது பார்த்தால் குரங்குத் தளபதியிடம் சொல்ல வேண்டும். அது சரிபார்த்துக் காட்டுமாட்டுத் தளபதியிடம் சொல்லும். அது யானைத் தளபதியிடம் சொல்லும். யானைத் தளபதி தும்பிக்கையைத் தூக்கிப் பிளிறும். அந்தப் பிளிறல் ஒன்றுதான் எச்சரிக்கை. வேறு எந்தச் சத்தமும் எச்சரிக்கை ஆகாது.

கூவாயிக்கு ஆத்திரம் வந்தது. "நான் கத்துறது உங்களுக்கு இல்லீங்கய்யா. மானுக்கு. நான் தப்பாக் கத்தினா மான் பத்தடி நடந்து தண்ணியில நிக்கும். அதுல யாருக்கு என்ன குறைஞ்சு போச்சு?"

"எங்களுக்குக் குறையுதும்மா," என்றது களிறன். "பன்னிரண்டு யானை எழுந்து நிக்கறதுன்னா சும்மாவா? நீ மூணு தடவை பொய்யாக் கத்தினா, நாலாவது தடவை எவன் எழுந்திருப்பான்?"

"எழுந்திருக்க வேணாம். படுத்துக்கிட்டே இருங்க. நான் மானைத்தானே கூப்பிடுறேன்?"

"அது படைக்கு அழகில்லை," என்றது திமிலன்.

களிறன் கெட்ட யானை இல்லை. அது யோசித்தது. கூவாயியின் கண் அடிக்கடி சரளைப் பக்கம் போவதையும் கவனித்தது. குரலைத் தாழ்த்திக்கொண்டு சொன்னது: "இங்க பாரு. உனக்கு உன் முட்டைதானே கவலை? ஒரு காட்டுமாட்டைக் காவலுக்கு நிறுத்தறேன். வெயில் ஏறினாலும் அது நிக்கும். முட்டையைச் சுத்தி நாலு கால். யானை, மான், எது வந்தாலும் அந்தப் பக்கம் மிதிக்காது. பதிலுக்கு நீ சத்தம் போடக் கூடாது. எங்க வழியில சொல்லு. என்ன சொல்றே?"

கூவாயி வாயைத் திறந்தது. நேற்று அந்தரத்தில் நின்ற அந்தப் பாதம் அதற்கு ஞாபகம் வந்தது. வாயை மூடிக்கொண்டது.

"சரிங்கய்யா," என்றது.

அன்று மாலையே தொங்கன் என்ற காட்டுமாடு வந்து முட்டைகளுக்கு மேலே நின்றது. உண்மையாகவே நின்றது. குறை சொல்ல முடியாது. நிழலுக்கு நிழலும் ஆயிற்று.

"எப்படி?" என்று கூவாயி பெருமையாகக் கேட்டது.

சாத்தன் நான்கு குளம்புகளையும் மெல்லச் சுற்றிப் பார்த்துவிட்டு வந்தது. "நல்லாத்தான் இருக்கு. வாயைக் கொடுத்து நாலு கால் வாங்கியிருக்கோம்."

"உனக்கு எதுலயும் ஒரு குத்தல்!"

"நான் ஒண்ணும் சொல்லலைம்மா."

சேதி கேட்டுப் பேச்சி வந்தது. கோபமாக இல்லை. அதுதான் கூவாயிக்குச் சங்கடமாக இருந்தது.

"உன் முட்டைக்குக் காவல் கிடைச்சது சந்தோஷம்டி. எங்களுக்கு?"

"படை இருக்கேக்கா."

"படை இருக்கு. இத்தனை நாள் என் காது உன் வாயில இருந்துச்சு. இப்போ எங்கே வெச்சுக்கறது?"

"யானை பிளிறும்க்கா. பிளிறினா ஓடி வாங்க."

பேச்சி மேய்ச்சலுக்குத் திரும்பிப் போய்விட்டது.

ஐந்து நாள் அமைதியாகப் போயிற்று. மான்கள் மேயும்போது தலையை நிமிர்த்துவதைக் குறைத்துக்கொண்டன. படைதான் இருக்கிறதே! கிழக்கே தள்ளித் தள்ளிப் போய் மேய்ந்தன. குளத்துக்குப் பக்கத்தில் இருந்த புல்லைக் காட்டுமாடுகள் தின்று தீர்த்திருந்தன. கூவாயியின் முட்டைகள் மட்டும் பத்திரமாக இருந்தன. பொரிக்க இன்னும் ஏழு நாள்.

புதருக்குள்ளிருந்து செந்நாய்களின் தலைவி செம்பட்டை எல்லாவற்றையும் பார்த்துக்கொண்டிருந்தது. படையை அது பெரிதாக எடுத்துக்கொள்ளவில்லை. அத்தனை பெரிய படை எங்கே நிற்கிறது, எப்போது படுக்கிறது, எதைத் தாண்டாது என்பதெல்லாம் முதல் நாளே உரக்கப் படித்துச் சொல்லப்பட்டவை. அதற்குப் புரியாதது ஒன்றுதான்.

"அந்தக் குருவிக்கு என்ன ஆச்சு?" என்று கேட்டது. "தொண்டை கட்டிடுச்சா?"

ஒரு நாயை அனுப்பியது. அது புல்லோரமாகச் சற்றுத் தலை காட்டிவிட்டுத் திரும்பி வந்தது.

"பார்த்தாளா?"

"பார்த்தா. வாயைத் திறந்தா. உடனே மூடிக்கிட்டா. பறந்து போய்க் குரங்குகிட்ட ஏதோ சொன்னா. அது தலையைச் சொறிஞ்சுது."

"ஏன் மூடிக்கிட்டா?"

"தெரியலையே."

"காரணம் நமக்கு எதுக்கு?" என்றது செம்பட்டை. "நாளைக்கு வெயில் ஏறினதும் போலாம்."

மறுநாள் வெயில் ஏறியது. காட்டுமாடுகள் மூங்கில் நிழலுக்குப் போயின. யானைகள் குளத்துக்குள் இறங்கிப் படுத்தன. மான்கள் கிழக்குச் சரிவில் முதுகைக் காட்டிக்கொண்டு மேய்ந்தன.

கூவாயி ஒரு கல்மேல் நின்றிருந்தது. உண்ணிச்செடிக்குப் பின்னால் ஏதோ அசைந்தது. காது. செம்பழுப்பாக ஒன்று. பக்கத்தில் இன்னொன்று. தள்ளி மூன்றாவது.

தொண்டை வரை வந்த சத்தத்தை அது விழுங்கியது. நாவல் மரத்துக்குப் பறந்தது.

"ஐயா! செந்நாய்! கிழக்கே, உண்ணிச்செடிப் பக்கம்!"

கருமுகன் வாலைச் சரிசெய்துகொண்டு கேட்டது: "எத்தனை?"

"மூணு காது பார்த்தேன்."

"மூணு காதா? அதெப்படி? ரெண்டு இருக்கணும், இல்லை நாலு இருக்கணும்."

"ஐயோ, ஒரு காது செடிக்குப் பின்னால இருக்கும்ய்யா!"

"இருக்கும்னு சொல்றே. பார்த்தியா? எங்க ராஜாகிட்ட ஒன்றரைச் செந்நாய்னு சொல்ல முடியுமா? இரு, ஆள் அனுப்பிப் பார்க்கச் சொல்றேன். அப்படியே சோலைக்கும் ஓர் ஆளை அனுப்பறேன்."

கூவாயி அங்கே நிற்கவில்லை. மூங்கில் நிழலுக்குப் பறந்தது.

"ஐயா, செந்நாய்!"

திமிலன் அசை போட்டுக்கொண்டே ஒரு கண்ணைத் திறந்தது. "குரங்குத் தளபதி சரிபார்த்துட்டாரா?"

"பார்த்துட்டே இருக்கார்!"

"முடிச்சதும் சொல்லச் சொல்லு. வெயில் வேற ஏறிடுச்சு."

கூவாயி குளத்துக்குப் பறந்தது. களிறன் தண்ணீருக்கு மேலே தும்பிக்கையை மட்டும் நீட்டிக்கொண்டு கிடந்தது.

"ஐயா! பிளிறுங்கய்யா! உடனே பிளிறுங்க!"

"திமிலன் சொன்னாரா?"

"அவர் குரங்கைக் கேட்கச் சொல்றார்!"

"அப்போ சரியாத்தான் நடக்குது. பதறாதே," என்றது களிறன்.

கூவாயி திரும்பிப் பார்த்தது. சரிவில் இப்போது காதுகள் இல்லை. உடம்புகள் இருந்தன. எட்டு. மான்களுக்கும் அவற்றுக்கும் நடுவில் இருபது பாய்ச்சல்கூட இல்லை. இரண்டு நாய்கள் நாணல் பாதையை முன்பே அடைத்துவிட்டிருந்தன.

கத்தினால் ஒப்பந்தம் போயிற்று. தொங்கன் போய்விடும். நான்கு கால் போய்விடும்.

கூவாயி கத்தியது.

"டிட்-டிடீ-டூ! டிட்-டிடீ-டூ! டிட்-டிடீ-டூ!"

ஐந்து நாள் சும்மா இருந்த காதுகள் ஒரு நொடியில் விழித்துக்கொண்டன. பேச்சி திரும்பியது. நாணல் பாதையில் நாய். பின்னால் நாய். திறந்திருந்தது ஒரே வழி. நேரே, சரளைக் கரை வழியாக, தண்ணீருக்கு.

மான்கள் அந்த வழியே பாய்ந்தன.

தண்ணீரில் யானைகள் கிடந்தன. நாற்பது மான்கள் மேலே வந்து விழுந்ததும் யானைகள் மிரண்டன. அப்போதுதான் களிறன் பிளிறியது. பன்னிரண்டு யானைகளும் கரையேறி ஓடின. பிளிறல் கேட்டால் படை வரிசையில் சேர வேண்டும் என்பது தொங்கனுக்கு உத்தரவு. அது ஒரு முறை கீழே பார்த்தது. பிறகு உத்தரவுப்படி ஓடியது. மூங்கில் நிழலிலிருந்து வந்த காட்டுமாடுகளும் யானைகளும் கரையில் ஒன்றோடொன்று மோதிக்கொண்டன. தூசியில் யார் யாரென்றே தெரியவில்லை.

செந்நாய்கள் ஒரு புள்ளிமான் குட்டியைத் தூக்கிக்கொண்டு கரும்பாறையைத் தாண்டின. பாறைவரை ஓடிய யானைகள் அங்கே வந்ததும் டக்கென்று நின்றன.

தூசி அடங்கியது. சாத்தன் சரளையில் நின்றிருந்தது. அதன் ஒரு சிறகு தொங்கியது.

நான்கு முட்டைகளில் மூன்று இல்லை. மிதித்தது யானையின் பாதமா, காட்டுமாட்டின் குளம்பா, பேச்சியின் குளம்பா, யாருக்கும் தெரியாது. பேச்சிக்கும் தெரியாது. அது தன் கால்களைத் திரும்பத் திரும்பக் குனிந்து பார்த்துக்கொண்டிருந்தது.

நான்காவது முட்டை உருண்டு போய் ஒரு குளம்புக் குழிக்குள் கிடந்தது. உடையவில்லை.

தளபதிகள் நாவல் மரத்தடியில் கூடினார்கள்.

"இழப்பு ஒன்று," என்றது களிறன். "போன தடவை மூன்று மான். ஆகவே முன்னேற்றம்தான்."

"முட்டை?" என்று கேட்டது கருமுகன்.

"அது செந்நாய் உடைச்சதில்லையே," என்றது திமிலன். "இந்தக் கணக்குல வராது."

பிறகு களிறன் தனியாகக் கூவாயியிடம் வந்தது. அதற்கு உண்மையிலேயே வருத்தம்தான். "நடந்தது நடந்து போச்சும்மா. மிச்சம் இருக்கற ஒண்ணுக்கு ரெண்டு காவல் போடறேன். எட்டுக் கால். நீயும் பழையபடி எங்க வழியிலயே சொல்லு."

கூவாயி முட்டையின் மேல் உட்கார்ந்திருந்தது. எழுந்திருக்கவில்லை.

"ஐயா, முதல் காதைப் பார்த்தப்பவே நான் கத்தியிருந்தா மானுங்க நாணல் வழியாப் போயிருக்கும். இந்தப் பக்கமே வந்திருக்காது. என் முட்டை நாலும் இருந்திருக்கும். நான் ஒரு மரம், ஒரு நிழல், ஒரு குளம்னு அனுமதி கேட்டுட்டு வந்து கத்தினேன். அதுக்குள்ள வழி அடைஞ்சு போச்சு. உங்க மேல மட்டும் தப்புன்னு சொல்லலை. ஒத்துக்கிட்டது நான்தானே?"

"அதனால?"

"இனிமே கேட்க மாட்டேன்."

"அப்படின்னா காவலும் கிடையாது. சட்டம் அப்படி."

"வேணாங்கய்யா."

களிறன் போனதும் சாத்தன் கேட்டது: "யானை குளிக்க வருமே. மிதிச்சுதுன்னா?"

"யானை வந்தாலும் கத்துவேன்."

சொன்னபடியே செய்தது. உடும்புக்குக் கத்தியது. ஓலைக்குக் கத்தியது. குளிக்க வந்த யானைக்கும் கத்தியது. சாத்தனுக்குப் பறக்க முடியாததால் அது அடைகாத்தது. கூவாயி முழு நேரமும் காவல். ஒவ்வொரு முறையும் மான்கள் நாணல் வழியாக வந்து தண்ணீருக்குள் நின்றன. யானைகள் படுத்திருந்தால் அவற்றின் முதுகை ஒட்டி நின்றன.

"தள்ளுங்கய்யா, கொஞ்சம் தள்ளுங்க!" என்று பேச்சி முன்னே வந்து நிற்கும்.

"என்ன வந்திருக்கு?"

"தெரியலை. குருவி கத்தினா. வந்து நிக்கறோம்."

"இது எச்சரிக்கையே இல்லைம்மா! நான் பிளிறவே இல்லை!"

"சரிங்கய்யா. நீங்க படுங்க. நாங்க சும்மா நிக்கறோம்."

யானைகளால் படுக்க முடியவில்லை. உண்மையாக இருந்தால்? எழுந்தன. யானை எழுந்தால் காட்டுமாடு எழ வேண்டும். காட்டுமாடு எழுந்தால் குரங்கு சோலைக்கு ஆள் அனுப்ப வேண்டும். ஒரே நாளில் முப்பத்தொரு முறை எழுந்தன. சோலைக்காட்டு ராஜா, "இனிமேல் ஓலைக்கெல்லாம் ஆள் அனுப்பாதே!" என்று திருப்பிச் சொல்லி அனுப்பியது.

மூன்றாம் நாள் செந்நாய்கள் வந்தன. உண்ணிச்செடியை எட்டுவதற்கு வெகு முன்பே குரல் கேட்டது. செம்பட்டை நின்றுவிட்டது.

"பார்த்துட்டா. திரும்புங்க."

"இன்னும் எவ்வளவு தூரம் இருக்கு!" என்றது ஒரு நாய்.

"அதைத்தான் சொல்றேன். இவ்வளவு தூரத்துலயே பார்த்துட்டா!"

அன்று படை எழுந்து, வரிசை கட்டி, சண்டை போட்டு முடித்தபோது கரையில் யாரும் இல்லை. மான்கள் எல்லாம் தண்ணீரில் இருந்தன. எல்லாம் என்றால் எல்லாமேதான்.

ஐந்தாம் நாள் காலை குரங்குகள் ஊருக்குக் கிளம்பின. ராஜா கூப்பிட்டதாம். குரங்குகள் போனபின் நாம் மட்டும் இருந்தால் நன்றாக இருக்காது என்று காட்டுமாடுகள் கிளம்பின. யானைகள் தண்ணீருக்காக இன்னும் அரை நாள் இருந்து பார்த்தன. குளம் இப்போது பாதிக்கு மேல் சேறு. அவையும் கிளம்பின. போவதற்கு முன் களிறன் கரும்பாறையருகே நின்று, கூட்டுக் காவல் படை வந்த வேலையை வெற்றிகரமாக முடித்துவிட்டது என்று உரக்க அறிவித்தது. மூன்று காடுகளிலும் அன்று விருந்து நடந்ததாகச் சொன்னார்கள்.

இளம் மான் ஒன்று பயந்துபோய்க் கேட்டது: "படை போயிடுச்சே, இனிமே நாம என்ன செய்யறது?"

"மேயறது," என்றது பேச்சி. "காதைத் திறந்து வெச்சுக்கிட்டு மேயறது."

இரண்டு நாள் கழித்து அந்த ஒரு முட்டை பொரிந்தது. ஆட்காட்டிக் குஞ்சுகள் பிறந்த சற்று நேரத்தில் நடக்கும். ஈரம் காய்ந்ததும் குஞ்சு எழுந்து, இரண்டு அடி வைத்து, விழுந்து, மறுபடி எழுந்தது. அப்போது தூரத்தில் சீழ்க்கைச் சத்தம் கேட்டது. கூவாயி மேலே பறந்தது.

"டிட்-டிடீ-டூ!"

குஞ்சு சரளையோடு சரளையாகத் தரையில் ஒட்டிப் படுத்துக்கொண்டது. யாரும் அதற்குச் சொல்லித் தரவில்லை. மான்கள் நாணல் ஓரமாகப் போய்க் கலங்கிய தண்ணீருக்குள் இறங்கி நின்றன. சீழ்க்கை சற்று நேரம் புதருக்குள் அலைந்தது. பிறகு விலகிப் போயிற்று.

காவலுக்கு வந்தவர்களின் வசதிக்காக எச்சரிக்கும் குரலை அடக்கினால், காவல் மட்டும்தான் மிஞ்சும். காக்க வேண்டியது மிஞ்சாது.